ஊர் நடுவைத் தேடிய அங்காடி

அங்காடி என்பது நம் மொழியின் மிகப் பழைய சொற்களுள் ஒன்று. புகார் நகரின் அமைப்பை விரித்துரைக்கும் சிலப்பதிகாரம், கடலை அடுத்த மருவூர்ப்பாக்கத்திற்கும், அரசரும் பெருவணிகரும் வாழ்ந்த பட்டினப்பாக்கத்திற்கும் இடையே நாளங்காடி இருந்தது என்றும், அங்கு நின்ற சோலை மரங்களே கடைகளுக்குத் தூண்களாயின என்றும் கூறும். இரு பாக்கத்தாரும் வந்து கூடுதற்குரிய பொதுவிடமாக அது விளங்கிற்று. முதலில் ஊர் இருந்தது. ஊரின் நடுவே அங்காடி அமைந்தது. இம்முறையைத் தலைகீழாக்கி, ஊரே இல்லாத வெளியில் முதற்கண் அங்காடியை எழுப்பி, அதனைச் சுற்றி ஓர் ஊரை வருவித்தல் கூடும் என்று சென்ற நூற்றாண்டில் ஒருவர் எண்ணினார். அவ்வெண்ணம் எவ்வாறு பிறந்தது, எவ்வாறு வளர்ந்தது, எங்குத் தவறிற்று என்பதே இக்கட்டுரையின் பொருள்.

இன்று நம் காலனிப் பிள்ளைகள் ‘மால்’ என்னும் சொல்லை அறிந்த அளவிற்கு அங்காடி என்னும் சொல்லை அறியார். விடுமுறை நாளில் எங்குச் செல்வது என்று அவர்களைக் கேட்டால் பெரும்பாலும் கிடைக்கும் விடை ஒன்றே. மேலே கூரை, கீழே பளிங்குத் தரை, நடுவே அகன்ற முற்றம், நாற்புறமும் அடுக்கடுக்காகக் கடைகள், வெளியே வண்டிகள் நிற்கும் பெருவெளி: தில்லியிலும் குருகிராமத்திலும் மும்பையிலும் பெங்களூரிலும் நாம் காணும் அமைப்பு இதுவே. இவ்வமைப்பிற்குத் திட்டமான ஒரு தொடக்கம் உண்டு. அமெரிக்க நாட்டின் மினசோட்டா மாநிலத்தில், மினியாபொலிசு என்னும் பெருநகரின் எல்லையை அடுத்துள்ள ஈடைனா என்னும் புறநகரில், 1956ஆம் ஆண்டு அக்டோபர்த் திங்கள் 8ஆம் நாள் திறக்கப்பெற்ற ‘சவுத்டேல்’ என்னும் பேரங்காடியே அது. முழுவதும் கூரையால் மூடப்பெற்று, கோடையிலும் குளிரிலும் ஒரே தட்பவெப்பம் காக்கப்பெற்ற புறநகர்ப் பேரங்காடிகளுள் அதுவே முதலாவதாக எண்ணப்படுகிறது. அதனை வரைந்தவர் பிறந்த ஊரை இழந்து வேற்று நாட்டிற் குடியேறியவர். ஊரை விட்டு வந்து வாழும் நம்மனோர்க்கு அவருடைய வரலாறு தனி ஈடுபாடு தரத்தக்கது.

வியன்னாவின் மகன்

விக்டர் குரூயன் 1903ஆம் ஆண்டு ஆத்திரிய நாட்டின் தலைநகரான வியன்னாவில் ஒரு யூதக் குடும்பத்திற் பிறந்தார். குரூன்பவும் என்பதே அவருடைய குடும்பப் பெயர். பசுமரம் என்பது அதன் பொருள். வியன்னா அக்காலத்தில் இசைக்கும் நாடகத்திற்கும் கட்டடக் கலைக்கும் பேர்பெற்ற நகரம். தெருவோரக் காப்பிக் கடைகளில் எழுத்தாளரும் கலைஞரும் மாணவரும் ஒரு கிண்ணம் காப்பியை முன்வைத்துக்கொண்டு மணிக்கணக்கில் உரையாடுவர். கோயிலும் சந்தையும் நாடக அரங்கும் வீடும் ஒன்றையொன்று நெருங்கி நின்ற அந்நகரில், கால்நடையாகவே சென்று எதனையும் அடையலாம். குரூயன் பகலிற் கட்டட வரைவாளராகவும், மாலையில் அரசியல் அங்கத நாடகங்களை நடத்தும் குழுவில் ஒருவராகவும் வாழ்ந்து வந்தார்.

1938ஆம் ஆண்டு மார்ச்சுத் திங்களில் இட்லரின் படைகள் ஆத்திரியாவுக்குட் புகுந்தன. யூதர்க்கு அங்கு வாழ்வில்லை என்பது விரைவில் தெளிவாயிற்று. நண்பர் ஒருவர் நாசிப் படையினரின் சீருடையை அணிந்துகொண்டு குரூயனையும் அவர் மனைவியையும் வானூர்தி நிலையம்வரை அழைத்துச் சென்று தப்புவித்தார் என்பர். அவ்வாண்டே அவர் நியூயார்க்கு வந்து சேர்ந்தார். கட்டடக் கலைஞர் என்னும் பட்டமும் கையில் 8 டாலரும் தவிர வேறொன்றும் தமக்கு இல்லை என்றும், ஆங்கிலமும் தெரியாது என்றும் பின்னாளில் அவரே கூறியதுண்டு.

புலம்பெயர்ந்து வந்தவர்க்கு முதற்றுணை, முன்னரே வந்த ஊராரே அல்லரோ? வியன்னாவிலிருந்து வந்த தோற்பொருள் வணிகர் ஒருவர் ஐந்தாம் நிழற்சாலையில் தாம் தொடங்கிய கடையை அமைக்கும் பணியை அவருக்கு அளித்தார். கடையின் முகப்பைத் தெருவோரத்தில் நிறுத்தாமல் சற்று உள்வாங்கச் செய்து, முன்னே நிழலான ஒரு சிறு முன்றிலும் அதன் இருபுறமும் கண்ணாடிப் பேழைகளும் அமைத்தார் குரூயன். தெருவில் விரைந்து செல்வோர் ஒருகணம் நின்று, ஒதுங்கி, உள்ளே வந்தனர். 1939இல் அமைந்த அக்கடை அவருக்குப் புகழைத் தந்தது. 1941இல் அவர் லாசு ஏஞ்சலிசுக்குக் குடிபெயர்ந்தார். 1943இல் அமெரிக்கக் குடிமகனானபோது தம் பெயரையும் குரூயன் என்று சுருக்கிக்கொண்டார்.

அதே 1943ஆம் ஆண்டில், போர் முடிந்தபின் எழ வேண்டிய நகரங்களைப் பற்றி ஒரு கட்டடக் கலை இதழ் அறிஞர் பலரிடம் கருத்துக் கேட்டது. குரூயனும் அவருடைய தொழிற்றுணைவியான எல்சி குருமெக்கும் அனுப்பிய வரைவு ஓர் அங்காடியைப் பற்றியது. கடைகளோடு அஞ்சலகமும் நூலகமும் மருத்துவர் மனைகளும் மன்றங்கள் கூடுதற்குரிய அறைகளும் அங்கே ஒருங்கே இருத்தல் வேண்டும் என்பது அவர்கள் கருத்து. பொருளை விற்பதற்காக மட்டுமன்றி மக்கள் கூடுவதற்காகவும் அங்காடி வேண்டும் என்னும் எண்ணம் அன்றே அவர் உள்ளத்தில் வேரூன்றிவிட்டது.

புறநகர் பிறந்த கதை

அவ்வெண்ணத்திற்கு ஒரு காரணம் இருந்தது. போர் முடிந்து திரும்பிய வீரர்க்கு வீடு கட்டக் கடனுதவி கிடைக்குமாறு அமெரிக்க அரசு 1944ஆம் ஆண்டிலேயே சட்டம் செய்தது. நகருக்கு வெளியே நிலம் மலிவாக இருந்தது. ஆங்கே ஒரே அச்சில் வார்த்தாற்போன்ற வீடுகள் ஆயிரக்கணக்கில் எழுந்தன. ஒவ்வொரு வீட்டிற்கும் புல்வெளி உண்டு. கார் நிறுத்தக் கொட்டில் உண்டு. அண்டை வீட்டாரோடு கூடிப் பேசும் இடம் மட்டும் இல்லை. கணவன் காரிற் பணிக்குச் சென்றபின் மனைவி பகல் முழுவதும் தனியே இருந்தாள். சாலையோரங்களிற் கடைகள் சிதறிக் கிடந்தன. ஒரு கடையிலிருந்து மறுகடைக்குப் போகவும் காரே வேண்டும். அந்நெடுஞ்சாலைக் கடைவரிசைகளைக் கண்டு குரூயன் பெரிதும் வெறுத்தார்.

இப்புறநகர் எல்லார்க்கும் திறந்திருக்கவில்லை என்பதையும் இங்கே குறித்தல் வேண்டும். வெள்ளையரல்லாதார்க்கு இவ்வீட்டை விற்றலாகாது என்னும் விதி பல இடங்களில் நிலப் பத்திரங்களிலேயே எழுதப்பட்டிருந்தது. ஈடைனாவின் சில பகுதிகளும் இதற்கு விலக்கல்ல. அத்தகைய விதிகளை நீதிமன்றங்கள் நிறைவேற்றித் தரமாட்டா என்று அமெரிக்க உச்ச நீதிமன்றம் 1948இல் தீர்ப்பளித்தது. எனினும், வீட்டு விற்பனையில் இனவேற்றுமை காட்டுதலைத் தடுக்கும் நாட்டளாவிய சட்டம் 1968இலேதான் வந்தது. ஆகவே, ‘எல்லார்க்கும் உரிய முற்றம்’ ஒன்றைக் குரூயன் கனவு கண்டபோது, அம்முற்றத்தைச் சூழ்ந்து வாழ இருந்தவர்கள் முன்னரே வடிகட்டப்பட்டவர்களாக இருந்தனர்.

தம் கருத்தைச் செயற்படுத்தும் முதல் வாய்ப்பு அவருக்கு டெட்ராயிட்டு நகரத்தருகே கிடைத்தது. அட்சன் என்னும் பெருங்கடை நிறுவனத்தாருக்காக அவர் அமைத்த ‘நார்த்லேண்டு’ 1954இல் திறக்கப்பெற்றது. அது திறந்த முற்றங்களும் பூந்தோட்டங்களும் சிற்பங்களும் உடைய கூரையற்ற அங்காடி. அதன் வெற்றி நாடெங்கும் பேசப்பட்டது.

சவுத்டேல்

மினியாபொலிசில் டேட்டன் குடும்பத்தார் நடத்திய பெருங்கடை அந்நகரின் மதிப்பிற்குரிய வணிக நிலையம். வாடிக்கையாளர் புறநகருக்குக் குடிபெயர்வதைக் கண்ட அவர்கள், தாமும் அவர்களைத் தொடர்ந்து செல்ல முடிவுசெய்து குரூயனை அழைத்தனர். 1952ஆம் ஆண்டில் திட்டம் அறிவிக்கப்பட்டது. அந்நாட்டுக் குளிர் நாம் தில்லியிற் காணும் மார்கழிக் குளிர் அன்று. பனி உறைந்து மாதக்கணக்கில் நிலத்தை மூடிக் கிடக்கும் வட புலம் அது. கோடையிலோ புழுக்கமும் மிகும். திறந்த முற்றம் அங்கே ஆண்டிற் பாதிநாள் பயன்படாது. ஆகவே அங்காடி முழுவதையும் ஒரே கூரையின்கீழ் அமைத்தல் வேண்டும் என்றார் குரூயன். இத்தாலியின் மிலான் நகரில் 1867இல் திறக்கப்பெற்ற கண்ணாடிக் கூரை வணிகவீதி போன்றவற்றை ஐரோப்பியராகிய அவர் நன்கு அறிவார்.

அங்காடி மட்டும் அவர் திட்டமன்று. டேட்டன் குடும்பத்தார் வாங்கிய நிலம் ஏறத்தாழ 460 ஏக்கர். அதில் அங்காடி ஒரு பகுதியே. அதனைச் சூழ அடுக்கு வீடுகள், தனி வீடுகள், பள்ளிகள், மருத்துவ நிலையம், பூங்கா, ஏரி ஆகியன அமையவேண்டும் என்று வரைந்தார். நடந்தே வந்து அங்காடியை அடையும் மக்கள் சூழ்ந்து வாழ்ந்தாலன்றி அது ஊர் நடு ஆகாது என்பதை அவர் உணர்ந்திருந்தார்.

2 கோடி டாலர் செலவில் எழுந்த சவுத்டேலில் 72 கடைகள் இருந்தன. வெளியே 5,200 வண்டிகள் நிற்க இடம் இருந்தது. ஒருவரோடொருவர் போட்டியிடும் இரு பெருங்கடைகளாகிய டேட்டனும் டொனால்ட்சனும் ஒரே கூரையின்கீழ் இடம்பெற்றமை அக்காலத்துப் புதுமை. நிலத்தைச் சரிவாக அமைத்து, கீழ்த்தளத்திற்கும் மேல்தளத்திற்கும் வெளியிலிருந்தே நேராக நுழைய வழி செய்தமையால், மேல்தளக் கடை என்று எதுவும் இழிந்து போகவில்லை. நடுவே உயர்ந்த பெருமுற்றம். ‘என்றும் இளவேனில் நிலவும் பூங்கா முற்றம்’ என்று அதற்குப் பெயரிட்டனர். மேலிருந்து பகலொளி விழுந்தது. மீன்கள் உலவும் குளமும், மரங்களும், ஆரி பெர்த்தோயா என்னும் சிற்பி உலோகத்தால் வடித்த மரங்களும், வண்ணப் பறவைகள் நிறைந்த 21 அடி உயரக் கூண்டும், ஒரு காப்பிக் கடையும் அங்கே இருந்தன. வெளியே பனி கொட்டும்போது உள்ளே மேலாடையின்றி மக்கள் அமர்ந்து காப்பி பருகினர். வியன்னாவின் ஒரு தெருமூலையை மினசோட்டாவிற் கொண்டுவந்து நட்டுவிட்டதாகவே குரூயன் மகிழ்ந்திருத்தல் வேண்டும்.

பாராட்டு மிகுதியாக எழுந்தது. மறுப்பும் ஒன்று எழுந்தது. அமெரிக்கக் கட்டடக் கலைஞருள் முதியவரும் பெரும்புகழ் படைத்தவருமான பிராங்கு லாயிடு ரைட்டு 1956 நவம்பரில் அதனைக் காண வந்தார். நகர் நடுவை இங்கே தூக்கி வர முயன்றிருக்கிறீர்கள். அதனை அங்கேயே விட்டிருக்கலாம் என்னும் கருத்துப்பட அவர் கூறினார். சிற்றூர்த் தெருவின் குறைகளெல்லாம் இம்முற்றத்தில் உள. அதன் அழகு மட்டும் இல்லை என்பதும் அவர் கருத்து. முதியவரின் சினம் என்று அன்று பலர் அதனைத் தள்ளினர்.

எண்ணியதும் எய்தியதும்

அடுத்து நிகழ்ந்தவற்றை நோக்குவோம். அங்காடி வெற்றி பெற்றதும் சுற்றியிருந்த நிலத்தின் விலை ஏறிற்று. விலை ஏறிய நிலத்திற் பூங்காவும் ஏரியும் எவர் அமைப்பர்? அலுவலகங்களும் வேறு கடைகளும் வண்டி நிறுத்திடங்களும் அங்கே பெருகின. மருத்துவமனையும் வீடுகளும் ஓரளவு வந்தன. எனினும், முற்றத்தைச் சூழ்ந்த ஊர் என்று குரூயன் வரைந்தது வரைபடத்தோடு நின்றுவிட்டது. கால்நடையாக வருவோர்க்கென்று எண்ணப்பட்ட அங்காடியைச் சுற்றிலும் தார் பூசிய வெளி மட்டுமே எஞ்சியது. அதனைக் கடத்தற்குக் காரே வேண்டியதாயிற்று.

இது ஒருவருடைய பேராசையால் விளைந்தது என்று கூறுதல் பொருந்தாது. இரு சட்டங்கள் இதற்குத் துணை நின்றன. 1954ஆம் ஆண்டு வரிச் சட்டம், புதிதாகக் கட்டிய கட்டடத்தின் விலையைத் தேய்மானமாகக் காட்டி முதல் சில ஆண்டுகளிலேயே பெரும்பகுதியைக் கழித்துக்கொள்ள இடம் தந்தது. ஆதலின் கணக்கேட்டில் நட்டமும் கையில் வருவாயும் ஒருங்கே காட்டுதல் இயன்றது. பழைய கட்டடத்தைப் புதுப்பிப்பதினும் வெற்று நிலத்திற் புதிது கட்டுதலே ஆதாயம் என்றாயிற்று. 1956ஆம் ஆண்டு சூன் திங்களில் நிறைவேறிய நெடுஞ்சாலைச் சட்டமோ 41,000 மைல் நீளமுள்ள பெருஞ்சாலைகளுக்கு வழிவகுத்தது. சாலைகள் சந்திக்கும் இடந்தோறும் பேரங்காடி முளைத்தது. சவுத்டேலின் முற்றத்தையும் இரு பெருங்கடைகளையும் வண்டி நிறுத்திடத்தையும் எல்லாரும் படியெடுத்தனர். பள்ளியையும் பூங்காவையும் வீடுகளையும் படியெடுத்தவர் அரியர்.

பழைய நகர் நடு என்னாயிற்று? மினியாபொலிசு வாளாவிருக்கவில்லை. மாளிகைக்கு மாளிகை தெருவின் மேலாகச் செல்லும் மூடிய நடைபாலங்களை 1962இலிருந்து அமைத்தது. நிக்கொலெட்டு வீதியை 1967இல் நடப்போர்க்கும் பேருந்துக்கும் உரியதாக்கிற்று. அவ்வாறு போராடியும், அவ்வீதியிலிருந்த டேட்டன் பெருங்கடை வேறு பெயர்களில் நடந்து 2017இல் மூடப்பட்டது. டெட்ராயிட்டு நடுவிலிருந்த அட்சன் தாய்க்கடை 1983இலேயே மூடப்பட்டு 1998இல் இடித்துத் தள்ளப்பட்டது. தாயை விழுங்கிய பிள்ளையும் நெடுநாள் வாழவில்லை. நார்த்லேண்டு 2015இல் மூடப்பட்டது. டேட்டன் குடும்பத்தார் 1962இல் அமைத்த ‘புரூக்டேல்’ 2010இல் மூடப்பட்டது. கடைகள் போனபின் அங்கே எஞ்சியிருக்க வேறு ஒன்றும் இல்லை. ஊர் நடு என்றால் கடை மூடினும் ஊர் இருக்கும். இங்கே கடையே எல்லாமாக இருந்தது.

பேரங்காடியால் நன்மை இல்லை என்று நாம் கூறவில்லை. முதியோர் வழுக்கும் பனிக்கு அஞ்சாமல் நடந்து உலாவினர். குழந்தைகளைக் கைப்பிடித்து வரும் தாய்மார்க்கு வண்டிகளைப் பற்றிய அச்சம் இல்லை. பெண்கள் தனியே வந்து நெடுநேரம் இருத்தற்கேற்ற தூய இடமாக அது இருந்தது. முற்றத்தில் இசை நிகழ்ச்சிகளும் கண்காட்சிகளும் நடைபெற்றன. மக்கள் கூட விரும்பினர் என்பதில் குரூயன் பிழைபடவில்லை. கூடிய இடம் யாருடையது என்னும் வினாவே பின்னர் எழுந்தது.

முற்றம் யாருடையது?

1968ஆம் ஆண்டில், ஆரகன் மாநிலத்துப் போர்ட்லாந்து நகரின் பேரங்காடி ஒன்றில், வியட்நாம் போரை எதிர்க்கும் துண்டறிக்கைகளைச் சிலர் அமைதியாக வழங்கினர். காவலர் அவர்களை வெளியேறச் சொன்னார்கள். வழக்கு உச்ச நீதிமன்றம் சென்றது. பொதுமக்கள் நாள்தோறும் வந்து செல்வதால் மட்டும் பேரங்காடி பொதுவிடமாகிவிடாது. அது உடையவனின் தனிச்சொத்தே என்று 1972இல் நீதிபதிகளுள் ஐவர் கருத, நால்வர் மாறுபட்டனர். ஐவர் கருத்தே தீர்ப்பாயிற்று. ஒரு மாநிலம் விரும்பினால் தன் அரசமைப்பின்வழி மக்களுக்கு மிகுதியான உரிமை வழங்கலாம் என்று கலிபோர்னியப் பேரங்காடி ஒன்றின் வழக்கில் 1980இல் அதே நீதிமன்றம் கூறிற்று.

சவுத்டேல் பிறந்த மினசோட்டா எவ்வழி நின்றது? ஈடைனாவை அடுத்த புளூமிங்டனில் ‘மால் ஆப் அமெரிக்கா’ என்னும் மாபெரும் அங்காடி 1992இல் திறக்கப்பெற்றது. 1996இல் விலங்கின் தோலாடை விற்பனையை எதிர்த்துச் சிலர் அங்கே அறப்போர் செய்ய, அத்துமீறி நுழைந்தனர் என்று அவர்கள்மீது வழக்குத் தொடரப்பட்டது. அப்பேரங்காடி எழுதற்குப் பொதுப்பணமும் செலவாகியிருந்தது. எனினும் அதனால் அது பொதுவிடம் ஆகிவிடவில்லை என்று மாநில உச்ச நீதிமன்றம் 1999இல் தீர்ப்பளித்தது. வியன்னாவின் காப்பிக் கடையில் அரசை எள்ளி நகையாடியும், அங்கத நாடகம் நடித்தும் வளர்ந்த ஒருவர் ஊர் நடுவாகக் கனவு கண்ட முற்றத்தில், உடையவன் விரும்பாத ஒரு சொல்லைச் சொல்லும் உரிமை இல்லை என்று முடிந்தது.

திரும்பி வந்த வியன்னா

1968இல் குரூயன் வியன்னாவுக்கே திரும்பினார். முப்பது ஆண்டுகளுக்கு முன் உயிர் தப்பி ஓடிய ஊர் அது. அங்கே அவருக்கு ஒரு வேதனை காத்திருந்தது. நகரின் தென்புறத்தில், வோசன்டார்பு என்னும் இடத்தில், அவருடைய அமெரிக்க அமைப்பைப் பின்பற்றிய ஒரு மாபெரும் பேரங்காடி 1976இல் எழுந்தது. தாம் எந்நகரின் நடுவை அமெரிக்காவிற்குக் கொண்டு செல்ல முயன்றாரோ, அந்நகரின் சிறு கடைகளை அது வருத்தக்கூடும் என்று அவர் அஞ்சினார். 1978இல் இலண்டனிற் பேசியபோது, பேரங்காடிகளின் தந்தை என்று தம்மை அழைப்பதை மறுத்தார். தம் எண்ணத்தைச் சிதைத்துப் பிறந்த அவற்றுக்குத் தாம் பொறுப்பேற்று வாழ்வுப்பணம் கொடுக்க இயலாது என்னும் பொருள்படக் கடிந்துரைத்தார். 1980ஆம் ஆண்டு பிப்ரவரித் திங்களில் அவர் காலமானார். பேரங்காடிக்குள் நுழைந்தவர் வந்த நோக்கத்தை மறந்து மனம்போனவாறு வாங்கத் தொடங்கும் நிலைக்குக் ‘குரூயன் மாற்றம்’ என்று பிறர் பெயர் வைத்தனர். அவர் விரும்பாத ஒன்றுக்கு அவர் பெயரே நிலைத்தது.

அவர் வாழ்நாளில் வேறொரு பணியும் நடந்தது. வியன்னாவின் பழைய நடுப்பகுதியை நடப்போர்க்கே உரியதாக்கவேண்டும் என்று அவர் திட்டம் தந்திருந்தார். 1974இல் கேர்ன்ட்னர் வீதி கார்கள் நுழையாத நடைவீதியாயிற்று. கூரை இல்லை, ஒருவனுக்குரிய சொத்தும் அன்று, கோயிலும் வீடும் கடையும் அங்கேயே உள்ளன. அவர் தேடிய ஊர் நடு அங்கே வாழ்கிறது.

சவுத்டேலும் அழியவில்லை. 2010ஐ அடுத்த ஆண்டுகளில் அதன் வண்டி நிறுத்திடத்திலேயே அடுக்கு வீடுகளும் விடுதியும் எழுந்தன. 1952இன் வரைபடத்தில் இருந்த குடியிருப்பை, அறுபது ஆண்டு கழித்து வணிகமே நாடி வந்தது எனலாம்.

நம் தலைநகரில்

இவ்வரலாறு நமக்கு வேற்று நாட்டுச் செய்தி மட்டுமன்று. பிரிவினையின்போது உடைமை இழந்து வந்தோர்க்கென்று தில்லியில் 1951இல் கான் மார்க்கெட்டு அமைக்கப்பட்டது. கீழே கடை, மேலே வீடு என்பது அதன் அமைப்பு. அகதியாகிய குரூயன் வரைந்து காட்டியதை, அவரை அறியாமலே, அகதிகள் இங்கே வாழ்ந்து காட்டினர். 1962இன் தில்லிப் பெருந்திட்டமும், போர்டு அறநிலையத்து அமெரிக்க அறிஞரின் துணையோடு, காலனிக் கடைகள் முதல் மாவட்ட மையங்கள் வரை படிப்படியாக அங்காடிகளை வகுத்தது. நேரு பிளேசு அவ்வகையில் எழுந்ததே.

பின்னர் வந்தது வேறு வழி. 1999இல் தென்தில்லியில் ‘அன்சல் பிளாசா’ திறக்கப்பெற்றது. குருகிராமத்தில், தனியார் நிறுவனங்கள் நிலம் தொகுத்து நகர் அமைக்க இடந்தந்த 1975ஆம் ஆண்டு அரியானாச் சட்டத்தின் பயனாகப் புதுநகர் வளர்ந்தது. இந்நூற்றாண்டின் தொடக்கத்தில் அங்கே மகாத்மா காந்தி சாலையில் பேரங்காடிகள் வரிசையாக எழுந்தன. பழைய ஊருக்கு நகராட்சி இருந்தது; புதுப்பகுதிகளையும் ஒருங்கே ஆளும் மாநகராட்சி 2008இலேதான் அமைந்தது. மக்கள் மன்றம் பிறக்குமுன் பேரங்காடி பிறந்துவிட்டது.

நம்மவர் பலர் தலைமுறையாக வாழ்ந்த அரசுக் குடியிருப்புகளின் நிலையையும் எண்ணுவோம். சரோசினி நகர், நேதாசி நகர், நௌரோசி நகர் முதலிய ஏழு காலனிகளை இடித்துப் புதிது கட்ட நடுவணரசு 2016இல் ஒப்புதல் அளித்தது. நௌரோசி நகரில் வீடுகள் நின்ற இடத்தில் வணிக மாளிகைகள் எழுந்தன. அவற்றை விற்ற பணத்தைக் கொண்டு ஏனைய இடங்களில் வீடு கட்டுதல் திட்டம். மரங்களை வெட்டுவதை எதிர்த்து 2018இல் மக்கள் திரண்டபோது உயர் நீதிமன்றம் அதனைத் தடுத்து நிறுத்திற்று. புது வீடுகள் வேண்டா என்பார் இலர். வரைபடத்தில் வீடும் கடையும் தவறாமல் இடம்பெறும். பிள்ளைகள் ஆடிய புல்வெளியும், நவராத்திரிக்கும் பொங்கலுக்கும் பந்தலிட்ட மூலையும், மாலையில் முதியோர் அமர்ந்த திண்ணையும் யாரேனும் கேட்டாலன்றி இடம்பெறா. டேட்டன் குடும்பத்தாரின் நிலத்தில் பூங்காவும் ஏரியும் மறைந்தது, அவற்றைக் கேட்டு வாங்க அங்கே ஊரார் இல்லாமையாலன்றோ?

இங்கே ஊரார் நாம் இருக்கிறோம். நகர்த் திட்ட வரைவுகளுக்கும் அவற்றின் திருத்தங்களுக்கும் மக்களின் கருத்தும் மறுப்பும் கேட்கும் முறை சட்டத்தில் உண்டு. அவ்வறிவிப்புகள் நாளிதழின் ஓரத்தில் வந்து மறைகின்றன. அவற்றைப் படித்து, காலனிதோறும் விலைக்கு விடாத ஒரு திடலும் ஒரு மன்றமும் வேண்டும் என்று எழுதி அனுப்புதல் நம் சங்கம் மேற்கொள்ளத்தக்க பணி. குரூயன் தம் ஊரை நினைந்து எழுப்பிய முற்றத்தில் மீனும் பறவையும் பெருஞ்சிற்பமும் இருந்தன. ஊரார் உரிமையோடு கூடும் ஓர் அறை இல்லை. அவர் 1943இல் கேட்டிருந்த அவ்வறையை, நம் பிள்ளைகளுக்காக நாம் கேட்டுப் பெறுவோமாக.